பல்லக்கு போகும் வழி: ஏழூரும் சேது சாலையும்

1987-ஆம் ஆண்டில் இரண்டு மாத இடைவெளியில் இரண்டு அறிவிப்புகள் வந்தன. அக்டோபரில், ஸ்பெயின் நாட்டின் சாந்தியாகோ நகருக்குப் போகும் பழைய யாத்திரைப் பாதையை 'ஐரோப்பியப் பண்பாட்டுப் பாதை' என்று ஐரோப்பிய கவுன்சில் அறிவித்தது. அந்த வரிசையில் அதுதான் முதல் பாதை. டிசம்பரில் தஞ்சாவூர்ப் பெரிய கோயிலை உலகப் பாரம்பரியச் சின்னமாக யுனெஸ்கோ சேர்த்தது.

பதினேழு வருடம் கழித்து இன்னொரு ஒற்றுமை. 2004-ல் சீனாவின் சூஜோ நகரில் நடந்த யுனெஸ்கோ கூட்டத்தில் கங்கைகொண்ட சோழபுரமும் தாராசுரமும் பெரிய கோயிலோடு சேர்ந்தன. அதே கூட்டத்தில் ஜப்பானின் கீ மலைத்தொடர்க் கோயில்களும், அவற்றை இணைக்கும் குமானோ நடைபாதைகளும் சேர்க்கப்பட்டன.

இதைக் கவனித்த நாளிலிருந்து இந்த ஒப்பீடு மண்டைக்குள் ஓடிக்கொண்டே இருக்கிறது. இரண்டு தடவையும் அவர்களுக்குப் பாதை, நமக்குக் கட்டடம். அவர்களுக்குக் கோடு, நமக்குப் புள்ளி. நமக்குக் கிடைத்த கௌரவத்தில் குறையொன்றும் இல்லை. ஆனால் காவிரி டெல்டாவைக் கொஞ்சம் நடந்து பார்த்தவர்களுக்குத் தெரியும், இங்கே பாதைகளுக்குப் பஞ்சமே கிடையாது. கோயிலைவிடப் பாதையை நம்பி வாழ்ந்த ஊர்கள் இங்கே நிறைய. இப்போது சென்னை, மதுரை, தஞ்சாவூர் என்று எங்கும் 'பாரம்பரிய நடை' நடக்கிறது. அதனால் அந்தந்த ஊர்க்காரர்களுக்கு என்ன கிடைக்கிறது என்ற கேள்வியை நம் பழைய பாதைகளை வைத்தே பார்த்தால் என்ன என்று தோன்றியது.

முதலில் சாந்தியாகோ கணக்கைச் சொல்லிவிடுகிறேன். 1987-ல் அங்கே யாத்திரையை முடித்துச் சான்றிதழ் வாங்கியவர்கள் சுமார் 3,000 பேர். 2023-ல் 4.4 லட்சத்துக்கும் மேல். அந்தச் சான்றிதழ் வேண்டுமென்றால் நடந்து வருகிறவர் குறைந்தது 100 கிலோமீட்டராவது நடந்திருக்க வேண்டும் என்பது நீண்ட நாள் விதி. விஷயமே இந்த விதியில்தான் இருக்கிறது. ஒரு மனிதர் ஒரு நாளைக்கு இருபது, இருபத்தைந்து கிலோமீட்டர்தான் நடப்பார். அப்படியானால் நடுவில் நான்கைந்து ராத்திரி எங்காவது தங்கியாக வேண்டும், மூன்று வேளை சாப்பிட்டாக வேண்டும், செருப்பு அறுந்தால் தைக்க வேண்டும், கால் கொப்புளத்துக்கு மருந்து வாங்க வேண்டும். மக்கள் காலி செய்துகொண்டிருந்த வடக்கு ஸ்பெயின் கிராமங்கள் பல இந்த மெதுவான நடையால்தான் மறுபடி விளக்கேற்றின. (கடைசியில் இருக்கும் சாந்தியாகோ நகரத்தில் உள்ளூர்க்காரர்களுக்கு வாடகை வீடு கிடைக்காத அளவுக்குக் கூட்டம் என்பது வேறு கதை.)

நம்மூர்ப் பயணத்தைப் பாருங்கள். திருச்சி விமான நிலையத்தில் இறங்கி, காலையில் பெரிய கோயில், மதியம் தாராசுரம், சாயங்காலம் கங்கைகொண்ட சோழபுரம். 'ஒரே நாளில் மூன்று சோழர் கோயில்கள்' என்று ஒரு விளம்பரத் துண்டில் பார்த்தேன். மூன்றுக்கும் நுழைவுக் கட்டணம் கிடையாது. வழிபாடு நடக்கும் கோயில்கள், இருக்கவும் கூடாது. ஆனால் அதனால் ஊருக்கு விழுகிற காசு என்பது வண்டி நிறுத்தம், செருப்புக் காப்பகம், இளநீர், தலையாட்டிப் பொம்மை என்கிற அளவில் நின்றுவிடுகிறது. நடுவில் வண்டியின் கண்ணாடி வழியே பறந்து போகிற நாற்பது, ஐம்பது ஊர்களுக்கு அதுகூட இல்லை.

பெரிய கோயில் கட்டப்பட்ட காலத்தில் அது தனிப் புள்ளியாக இருந்ததே இல்லை. 1010-ல் முடிந்த அந்தக் கோயிலின் சுவரைப் படித்தால் அது ஒரு வலை என்று தெரியும். தளிச்சேரிப் பெண்டுகள் நானூறு பேர் பெயரை ராஜராஜன் வெட்டி வைத்திருக்கிறான். ஒவ்வொருவரும் எந்த ஊர், எந்தக் கோயிலிலிருந்து வந்தவர், இங்கே எந்தச் சிறகில் எத்தனையாவது வீடு என்பது வரை இருக்கிறது. ஆளுக்கு ஒரு பங்கு, பங்குக்கு ஆண்டுக்கு 100 கலம் நெல். நெல் கொடுக்க வேண்டிய ஊர்களின் பட்டியல் ஈழம் வரை நீள்கிறது. திருவையாற்றில் ராஜராஜனின் தேவி கட்டிய ஓலோகமாதேவீச்சரத்திலிருந்து வந்த பெண்களும் அந்த நானூறில் உண்டு. கோயிலுக்கு வருவதும் கோயிலிலிருந்து போவதுமாக ஊர்களுக்கு நடுவே ஓயாத போக்குவரத்து.

அந்தத் திருவையாற்றிலிருந்துதான் நான் சொல்ல வந்த முதல் பாதை கிளம்புகிறது.

சித்திரை விசாகத்தை ஒட்டித் திருவையாற்று ஐயாறப்பர் ஏழூர் சுற்றுக்குப் புறப்படுவார். சப்தஸ்தானம் என்றும் சொல்வார்கள். ஊர்ப்பக்கம் 'ஏழூர்' என்றால் போதும். திருவையாறு, திருப்பழனம், திருச்சோற்றுத்துறை, திருவேதிகுடி, திருக்கண்டியூர், திருப்பூந்துருத்தி, திருநெய்த்தானம் என்கிற தில்லைஸ்தானம். ஏழும் தேவாரப் பாடல் பெற்றவை. ஒரு நாள் காலையில் கிளம்பி, காவிரிக்கு இரண்டு கரையிலும் சுற்றி, மறுநாள் திருவையாறு திரும்பும். ஐயாறப்பரும் அறம்வளர்த்த நாயகியும் கண்ணாடிப் பல்லக்கில், நந்திதேவரும் சுயசாம்பிகையும் வெட்டிவேர்ப் பல்லக்கில். போகிற ஊரிலெல்லாம் அந்தந்த ஊர்ச் சாமியும் தன் பல்லக்கில் ஏறிக் கூடவே கிளம்பிவிடும். திரும்பி வரும்போது ஏழு பல்லக்கு. கடைசியில் ஒரு பொம்மை வந்து பூச்சொரியும். அதைப் பார்க்கவே தனிக்கூட்டம் நிற்கும்.

எதற்கு இந்தச் சுற்று? கதைப்படி, பங்குனியில் கொள்ளிடத்துக்கு அக்கரையில் திருமழபாடியில் நந்திக்குக் கல்யாணம். கல்யாணத்துக்குப் பழனத்திலிருந்து பழம் வந்தது, சோற்றுத்துறையிலிருந்து சோறு, வேதிகுடியிலிருந்து வேதியர், கண்டியூரிலிருந்து ஆபரணம், பூந்துருத்தியிலிருந்து பூ, நெய்த்தானத்திலிருந்து நெய். உதவி செய்த ஊர்களுக்குப் புதுமணத் தம்பதியை அழைத்துக்கொண்டு போய் நன்றி சொல்லிவிட்டு வருகிறார் ஐயாறப்பர். ஊர்ப்பெயரை வைத்துக் கதை பின்னினார்களா, கதையை வைத்துப் பெயரா என்று ஆராய்ச்சிக்காரர்கள் அடித்துக்கொள்ளட்டும். எனக்குப் பிடித்தது அந்தக் கதையின் கணக்குதான். ஏழு ஊரில் எதுவுமே 'பார்க்கப்படும்' ஊர் இல்லை. ஒவ்வொன்றும் ஏதோ ஒன்றைக் கொடுத்த ஊர். சாமி அங்கே போவது கொடுத்தவர் வீட்டுக்கு விருந்தாளியாக.

காலமும் யோசித்து வைத்தது மாதிரி இருக்கிறது. சித்திரையில் சம்பா, தாளடி அறுவடை முடிந்து வயல் காய்ந்து கிடக்கும். மேட்டூர் அணை 1934-ல் வந்த பிறகு ஜூன் 12-ல் திறந்து ஜனவரி 28-ல் மூடுவது வழக்கம் என்பதால் ஆற்றில் தண்ணீர் இருக்காது. அணைக்கு முன்பும் கோடையில் காவிரி மணல்தான். ஆள் கைக்கு வேலை இல்லாத மாதம், ஆற்றைக் காலால் தாண்டக்கூடிய மாதம். விவசாய நாட்காட்டியில் இருக்கிற ஒரே இடைவெளியில் இந்தச் சுற்றை நுழைத்திருக்கிறார்கள்.

சில வருடங்களுக்கு முன் பழனத்திலிருந்து சோற்றுத்துறை வரையும், பிறகு கண்டியூரிலிருந்து பூந்துருத்தி வரையும் பல்லக்கோடு நடந்தேன். பல்லக்கு வேகமாகப் போகாது. நின்று நின்றுதான் போகும். அந்த நிற்கிற நேரம்தான் நாதஸ்வரக்காரருக்குச் சொத்து. மல்லாரி முடிந்து ஆலாபனையை விஸ்தாரமாக எடுத்தால் தெருவே அசையாமல் உட்கார்ந்து கேட்கும். சபா மேடை வருவதற்கு முன்னால் நாதஸ்வரம் வளர்ந்தது இந்த மாதிரி வீதிகளில். ஒவ்வொரு திருப்பத்திலும் நீர்மோர், பானகம், தயிர்சாதப் பொட்டலம், பனையோலை விசிறி. யாரிடமும் காசு கேட்க ஆளில்லை. வேண்டாம் என்றால்தான் கோபம் வருகிறது.

ஒரு தெருவில் பழைய ஓட்டு வீடு, நீளத் திண்ணை. இரண்டு பக்கமும் புது மாடி வீடுகள். மோர் ஊற்றிக்கொண்டிருந்த பாட்டியிடம், இந்தத் திண்ணையை மட்டும் எப்படி விட்டுவைத்தீர்கள் என்று கேட்டேன். "ஏழூர் வர்ற அன்னிக்கு ஜனம் எங்கப்பா உக்காரும்? புள்ள இடிக்கணும்னுதான் சொல்றான். நா இருக்கற வரைக்கும் வேணாம்னுட்டேன்" என்றார்.

இந்தப் பதிலை நான் லேசாக எடுத்துக்கொள்ளவில்லை. தொல்லியல் துறையின் பலகை எதுவும் அந்தத் திண்ணையைக் காப்பாற்றவில்லை; சட்டப்படி அது எந்தச் சின்னமும் இல்லை. வருஷத்துக்கு ஒரு நாள் அந்த வழியாக ஒரு பல்லக்கு போகிறது, அவ்வளவுதான். திண்ணைக்குச் சொன்னதுதான் தெருவுக்கும், வழியோர மண்டபத்துக்கும், குளப்படிக்கும், ஆற்றில் இறங்குகிற சரிவுக்கும். பல்லக்கு போகிற வழி என்றால் பஞ்சாயத்தில் புதர் வெட்டுவார்கள், பள்ளத்தை மூடுவார்கள். பாதை இருப்பதால் பொருள் பிழைக்கிறது.

இதே சுற்றுவட்டாரத்தில் பாதையின் மகிமைக்கு இன்னும் பழைய சாட்சி ஒன்று உண்டு. திருப்பழனத்துக்குப் பக்கத்தில் திங்களூர். பெரியபுராணம் சொல்லும் அப்பூதி அடிகளின் ஊர். திருநாவுக்கரசரை நேரில் பார்க்காமலே அவர் பெயரில் தண்ணீர்ப்பந்தல் வைத்தவர் அப்பூதி. பழனத்தைக் கும்பிட்டுவிட்டு அந்த வழியே வந்த அப்பர், வெயிலுக்கு ஒதுங்கிய பந்தலில் தன் பெயரே இருப்பதைப் பார்த்து, யார் வைத்தது என்று விசாரிக்கிறார். அங்கேதான் அந்தக் கதையே ஆரம்பம். அறுபத்து மூவரில் ஒருவரின் பெருமையே வழிப்போக்கருக்குத் தண்ணீர் கொடுத்ததில் தொடங்குகிறது.

திங்களூருக்கு இப்போது வேறொரு பாதையும் வந்துவிட்டது. நவக்கிரகச் சுற்றில் அது சந்திரன் தலம். சூரியனார்கோவில், ஆலங்குடி, திருநள்ளாறு என்று ஒன்பது ஊரையும் ஒரே நாளில் முடிக்கிற வண்டிகள் ஏராளம். அரசுப் போக்குவரத்துக் கழகமே 2024-ல் கும்பகோணத்திலிருந்து வார இறுதிச் சிறப்புப் பேருந்து விட்டது. வயதானவர்களுக்கும் கைக்குழந்தைக்காரர்களுக்கும் அது பெரிய உதவி, நக்கல் செய்ய மாட்டேன். அந்த ஊர்களில் பூக்கடை, அர்ச்சனைத் தட்டுக் கடை, டீக்கடை என்று பல குடும்பங்கள் அதனால் பிழைக்கின்றன என்பதும் வாஸ்தவம். ஆனால் ஒன்பது ஊரை ஒரு பகலில் முடிப்பதென்றால் ஓர் ஊருக்கு அரைமணி நேரம்தான். திங்களூரில் இறங்கி ஏறுகிறவர்களில் அப்பூதி அடிகளை விசாரிப்பவர் எத்தனை பேர்? தண்ணீர்ப்பந்தல் ஊரில் பாட்டில் தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டு ஏறிவிடுகிறோம்.

இரண்டாவது பாதை ராஜாக்கள் போட்டது. தஞ்சாவூரிலிருந்து ஒரத்தநாடு வழியாகக் கடற்கரையைப் பிடித்து, ராஜாமடம், மணமேல்குடி, மீமிசல் என்று ராமேஸ்வரம் போகிற சேது சாலை. காசியிலிருந்து வருகிற யாத்ரீகர்கள் நடந்த வழி. தஞ்சை மராட்டியர்கள் இந்தச் சாலையிலும் இதைச் சேருகிற வழிகளிலும் சத்திரங்கள் கட்டினார்கள். பல சத்திரங்களுக்கு அரச குலப் பெண்களின் பெயர். நீடாமங்கலம் யமுனாம்பாள்புரம் ஆனது. ஒரத்தநாடு முத்தாம்பாள்புரம் ஆனது. தாங்கு தளத்தில் யானையும் குதிரையுமாகத் தேர் போலவே செதுக்கப்பட்ட ஒரத்தநாட்டுச் சத்திரத்தை இரண்டாம் சரபோஜி 1802-ல் கட்டினார்.

கட்டடத்தைவிட அதன் நிர்வாகம்தான் என்னை ஈர்க்கிறது. 1799 ஒப்பந்தத்தில் நாட்டை கம்பெனியிடம் கொடுத்துவிட்ட சரபோஜிக்கு, சத்திர நிலங்களும் போய்விடுமோ என்ற பயம் வந்தது. 1801 ஜனவரியில் ரெசிடெண்ட் பெஞ்சமின் டோரினுக்கு ஒரு கடிதம் எழுதினார். சத்திரத்தில் என்னென்ன நடக்கிறது என்று அதில் விவரிக்கிறார். எல்லாச் சாதியாருக்கும், யோகி, ஜங்கமர், பைராகி என்று வருகிற எல்லா யாத்ரீகருக்கும் சோறு. சமைத்ததைச் சாப்பிடாதவர்களுக்கு அரிசியும் சாமானும். நடுராத்திரியில் மணி அடித்து, சாப்பிடாதவர் யாராவது இருந்தால் வரச்சொல்லி அழைப்பு. பிள்ளைகளுக்குப் பாடம் சொல்ல ஆசிரியர்கள். நோய்க்கும் விஷக்கடிக்கும் வைத்தியர்கள். வழியில் பெற்றோர் இறந்துபோன பிள்ளைகளை வளர்க்க ஏற்பாடு, குழந்தைகளுக்குப் பால், கர்ப்பிணிகளுக்குக் கவனிப்பு, இறந்தவர்களுக்கு அவரவர் முறைப்படி ஈமக்காரியம்.

எல்லோரும் ஒரே பந்தியில் உட்கார்ந்தார்கள் என்று இதை வாசித்துவிடக் கூடாது. அந்தக் காலத்து ஏற்றத்தாழ்வு சத்திரத்துக்குள்ளும் இருந்தது. அதோடு, சலுகையைக் காப்பாற்ற எழுதின கடிதம் என்பதால் கொஞ்சம் வெளிச்சம் கூட்டித்தான் எழுதியிருப்பார். அதையெல்லாம் கழித்துவிட்டுப் பார்த்தாலும் ஒன்று மிஞ்சுகிறது. வழிப்போக்கனுக்காகச் செய்த ஏற்பாடு ஊர்க்காரனுக்கும் பள்ளிக்கூடமாக, ஆஸ்பத்திரியாக ஆகியிருக்கிறது. அதற்கு முதல், குறிப்பிட்ட ஊர்களின் நெல் வருமானம். அந்தப் பணம் பாதையிலேயே சுற்றிச் செலவானது: சமையல்காரர், விறகுக்காரர், பால்காரர், குயவர், வாத்தியார், வைத்தியர் என்று.

1860-களில் நாகப்பட்டினம், தஞ்சாவூர், திருச்சி ரயில் வந்தது. 1914-ல் பாம்பன் பாலம் திறந்தது. காசி யாத்ரீகர் ரயிலிலேயே ராமேஸ்வரம் போய் இறங்க ஆரம்பித்ததும் சேது சாலையில் நடக்க ஆளில்லை. ஆளில்லாத பாதையில் சத்திரத்துக்கு என்ன வேலை? சில சத்திரங்கள் பள்ளி, விடுதி என்று வேறு பயனில் பிழைத்தன. சில, கூரையில் ஆலமரம் முளைத்து நிற்கின்றன. சத்திர நிலங்களைப் பார்த்துக்கொள்ள மாவட்ட நிர்வாகத்தில் தனி வட்டாட்சியர் அலுவலகமே உண்டு. அறக்கட்டளை இருக்கிறது, நிலம் இருக்கிறது, போகிறவர்கள்தான் இல்லை. ஏழூர் வழியில் ஒரு திண்ணை பிழைத்ததற்கும், சேது வழியில் ஒரு மாளிகை இடிந்ததற்கும் காரணம் ஒன்றேதான்.

இந்தப் பாதைகளைப் பற்றிப் பேசும்போது ஒரு விஷயத்தை விழுங்கிவிடக் கூடாது. பாதை என்பது யாரோ போட்ட கோடு. பல்லக்கு சில தெருக்களில் போகும், சில தெருக்களில் போகாது. டெல்டாவில் அந்த 'போகாத' தெருக்கள் எவை என்று யாரும் சொல்ல வேண்டியதில்லை. இங்கே விளைந்த நெல்லின் பெரும்பங்கு வேலையைச் செய்தவர்கள் குடியிருந்த தெருக்கள் அவை. புதிதாகப் பாரம்பரிய நடை வகுக்கிறவர்கள் பழைய கோட்டின்மேலேயே மறுபடி கோடு போட்டால் அந்த விடுபடலும் கூடவே வரும்.

கீழவெண்மணியை எடுத்துக்கொள்ளுங்கள். அப்போதைய கீழத் தஞ்சையில், 1968 டிசம்பர் 25 இரவு, கூலி உயர்வு கேட்டும் சங்கத்தை விடமாட்டோம் என்றும் நின்ற விவசாயத் தொழிலாளர் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேர் ஒரு குடிசையில் எரிக்கப்பட்டார்கள். பெரும்பாலும் பெண்களும் குழந்தைகளும். இன்று அங்கே நினைவிடம் இருக்கிறது. ஒவ்வொரு டிசம்பர் 25-க்கும் ஊர் ஊராகக் கிளம்பி ஜனம் கூடுகிறது. அதுவும் இந்த மண்ணின் வருடாந்திர யாத்திரைதான். நான் பார்த்த எந்தச் சுற்றுலாக் கையேட்டிலும் வெண்மணி இல்லை. சோழர் காலத்து நெல் கணக்கைச் சுவரில் படித்துக் காட்டுகிற நாம், இருபதாம் நூற்றாண்டின் நெல் கணக்கையும் காட்டத்தான் வேண்டும். வேளாங்கண்ணிக்கு ஆகஸ்ட் கடைசியில் காவி உடுத்தி நடந்து போகிறவர்களின் சாலையும் இந்தப் பட்டியலில் வரும். நாகூரும் வரும். நாகூர் தர்காவின் உயரமான மினாராவைக் கட்டிக்கொடுத்தவர் தஞ்சை மராட்டிய மன்னர் பிரதாபசிங்தான் என்பதை அங்கே போய் நின்று சொன்னால் அதன் ருசியே தனி.

சரி, இன்றைக்கு ஒரு பாதையை ஊருக்குப் பயன்படுகிற மாதிரி நடத்த முடியுமா? ஜப்பானியர்கள் குமானோவில் செய்ததைப் பார்க்கலாம். 2004-ல் யுனெஸ்கோ அங்கீகாரம் வந்ததும், பேருந்துக் கூட்டம் வந்து ஒரே நாளில் போய்விடும் என்ற கவலை அவர்களுக்கும் வந்தது. தனாபே நகரில் 2006-ல் உள்ளூர்ச் சுற்றுலா அமைப்பு ஒன்றைத் தொடங்கினார்கள். கிராமத்தில் ஒரு தம்பதி நடத்துகிற நாலு அறை விடுதிக்கு வெளிநாட்டுக்காரர் எப்படி முன்பதிவு செய்வார்? அந்த அமைப்பே எல்லாச் சிறு விடுதிகளையும் சேர்த்து முன்பதிவு முறையை உருவாக்கியது. கைகாட்டிப் பலகைகளில் ஊர்ப்பெயர் எழுத்து ஒரே மாதிரி இருக்கும்படி மாற்றினார்கள். விடுதிக்காரர்களுக்கும் பேருந்து ஓட்டுநர்களுக்கும் பயிற்சி கொடுத்தார்கள். பிரமாதமான கட்டடம் எதுவும் கட்டவில்லை. 2015-லிருந்து சாந்தியாகோவும் குமானோவும் நடந்து முடித்தவர்களுக்கு 'இரட்டை யாத்ரீகர்' என்று அங்கீகாரமும் தருகிறார்கள்.

நமக்கு மலை இல்லை, வெயில் உண்டு. ஆடி முதல் தை வரை ஆற்றில் தண்ணீரும் உண்டு. அதனால் அப்படியே காப்பியடிக்க முடியாது. ஆனால் கைவசம் இருப்பதைப் பாருங்கள். சுவாமிமலையில் காவிரி வண்டல் இல்லாமல் வெண்கலச் சிலைக்கு அச்சு எடுக்க முடியாது. நரசிங்கம்பேட்டையில் ஆச்சா மரத்தில் நாதஸ்வரம் கடைகிறார்கள்; 2022-ல் அதற்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. அதன் சீவாளிக்கு வேண்டிய கொறுக்கைத்தட்டை ஆற்றங்கரையில் வளர்வது. நாச்சியார்கோவில் குத்துவிளக்கு, திருபுவனம் பட்டு, தஞ்சாவூர் வீணை எல்லாமே இப்படி ஆற்றோரத்துச் சின்னச் சின்ன ஊர்களிலும் தெருக்களிலும் உட்கார்ந்திருக்கிற தொழில்கள். ஆற்றங்கரைத் தட்டையில் ஆரம்பித்து, கடைசல் பட்டறை வழியாக, சாயங்காலம் கோயில் வாசலில் வாசிப்பவர் வரை ஒரு நாதஸ்வரத்தின் பின்னாலேயே ஒரு நாள் நடக்கலாம். அப்படி நடந்தவர், கருவியின் விலையைக் கேட்டு 'இவ்வளவா' என்று வாய் பிளக்க மாட்டார்.

ஒரே ஒரு நிபந்தனை வைப்பேன். ராஜராஜன் சுவரில் எழுதின மாதிரி யாருக்கு என்ன பங்கு என்று முதலிலேயே எழுதிவிட வேண்டும். கதை சொல்கிற ஊர்ப் பெரியவருக்கு, சோறு போடுகிற வீட்டுக்கு, பட்டறையைத் திறந்து காட்டுகிறவருக்கு, குளத்தைச் சுத்தம் செய்கிற பஞ்சாயத்துக்கு. சென்னையிலிருந்து வருகிற வழிகாட்டி மைக்கில் பேசிவிட்டுப் போக, ஊர்க்காரர்கள் வேடிக்கை பார்க்கிற நடைகள் சிலவற்றை நானே பார்த்திருக்கிறேன். கோலம் போட்டுக்கொண்டிருந்த ஒரு பெண்ணைக் கேட்காமலே பத்துப் பேர் படம் எடுத்தார்கள். அந்த நடைக்குத் தலைக்கு ஆயிரம் ரூபாய்க்கு மேல் கட்டணம். அந்தத் தெருவில் யாரும் ஒரு டீகூட வாங்கவில்லை.

ஏழூர் வழியைத் தனியாக நடந்து பார்க்க நினைப்பவர்களுக்கு ஒரு சின்னக் குறிப்பு. முழுச் சுற்று வேண்டாம், பாதி போதும். தஞ்சாவூரிலிருந்து திருவையாறு போகும் பேருந்தில் கண்டியூரில் இறங்குங்கள். அங்கே வீரட்டேசுவரர் கோயிலும், எதிரிலேயே என்று சொல்லும்படி பெருமாள் கோயிலும் இருக்கின்றன. அங்கிருந்து மேற்கே பூந்துருத்தி. அப்பர் மடம் அமைத்துத் தங்கிய ஊர், நாராயண தீர்த்தர் சமாதியும் அங்கேதான். கோடையானால் காவிரி மணலில் இறங்கி அக்கரை ஏறினால் தில்லைஸ்தானம். மற்ற மாதங்களில் திருவையாற்றுப் பாலம் வழியாகச் சுற்ற வேண்டும். தில்லைஸ்தானம் கோயில் சுவரில், சோழ அரசரும் சேரன் தாணு ரவியும் சேர்ந்து விக்கியண்ணன் என்பவருக்குச் சிறப்புகள் செய்ததைச் சொல்லும் கல்வெட்டு இருக்கிறது. அவர் மனைவி கடம்பமாதேவியின் பெயரும் அதில் வரும். சோழ - சேர நட்புக்குப் பாடப்புத்தகங்கள் காட்டுகிற சான்று, யாரும் இல்லாத ஒரு பிராகாரத்தில் சும்மா நிற்கிறது. பன்னிரண்டு மணிக்கு நடை சாத்திவிடுவார்கள் என்பதால் காலை ஏழுக்குள் கண்டியூரில் இருப்பது நல்லது. குடை எடுத்துக்கொள்ளுங்கள். சாப்பாடு கட்டிக்கொண்டு போகாதீர்கள், வழியிலேயே வாங்கிச் சாப்பிடுங்கள்.